பேக்கப்பில் இருந்து எது திரும்பும், எது திரும்பாது: நான்கு போன் மாற்றிய அனுபவம்

2016-இல் வாங்கிய போனில்தான் முதன்முதலாக கூகுள் பேக்கப்பை ஆன் செய்தேன். ஆண்ட்ராய்டு 6 வந்த புதிது, செயலிகளின் டேட்டாவைத் தானாகவே கிளவுடில், அதாவது இணையம் வழியாக கூகுளின் சர்வரில், ஏற்றி வைக்கும் வசதி அந்தப் பதிப்பில்தான் வந்தது. அன்று ஆன் செய்ததை இன்று வரை அணைக்கவில்லை. அதற்குப் பிறகு என் போனே மூன்று முறை மாறிவிட்டது. அப்பாவின் போன், மனைவியின் ஐபோன், மச்சினன் போன் என்று வீட்டில் யார் புதுப்போன் வாங்கினாலும் பழையதில் இருந்ததை எல்லாம் கொண்டுவந்து சேர்ப்பது என் வேலையாகிவிட்டதால், ரீஸ்டோர் என்பதை நல்ல நாளிலும் பார்த்திருக்கிறேன், மோசமான நாளிலும் பார்த்திருக்கிறேன்.

மோசமான நாளை முதலில் சொல்லிவிடுகிறேன், இதை எழுத உட்கார்ந்ததே அதனால்தான்.

மகளுக்கு அப்போது ஒன்பது வயது. வீடு கட்டி ஊர் அமைக்கும் ஒரு விளையாட்டை என் போனில் இரண்டு வருடமாக விளையாடி வந்தாள். பாட்டி வீட்டில் இருப்பதைப் போலவே திண்ணை, கிணறு, மாட்டுக்கொட்டகை எல்லாம் வைத்து, பக்கத்தில் ஒரு குளம், குளத்துக்குப் படிக்கட்டு என்று ஒரு தெருவையே கட்டி வைத்திருந்தாள். நான் புதிய போன் வாங்கினேன். செட்டிங்ஸில் பேக்கப் பக்கத்தைப் பார்த்தேன், நேற்று இரவு முடிந்தது என்று காட்டியது. நம்பி, பழைய போனை ஃபேக்டரி ரீசெட் செய்து எக்ஸ்சேஞ்சில் கொடுத்துவிட்டு வந்தேன். புதிய போனில் அந்த விளையாட்டின் ஐகான் சரியாக அதே இடத்தில் வந்து உட்கார்ந்தது, திறந்தால் வெறும் புல்வெளி. "பழைய போன்லதான் இருக்கும், அதைத் திரும்ப வாங்கிட்டு வாங்கப்பா" என்றாள். நான்தான் என் கையாலேயே அதை அழித்துவிட்டு வந்திருக்கிறேன் என்பதை அவளுக்குச் சொல்ல எனக்கு இரண்டு நாள் ஆனது.

அதற்கு அப்புறம்தான் உட்கார்ந்து படித்தேன், இந்த பேக்கப் உண்மையில் எதை எடுக்கிறது என்று. ஒரு செயலிக்கு 25 எம்பி வரைதான் கிளவுடில் இடம். அந்த அளவைத் தாண்டினால் தாண்டிய பகுதி மட்டும் விடுபடும் என்றுதான் நினைத்திருந்தேன், அப்படி இல்லை. அந்தச் செயலியின் டேட்டாவை ஏற்றுவதையே போன் நிறுத்திவிடும், அளவு மறுபடி குறைந்தால்தான் தொடரும். இரண்டு வருடம் கட்டிய ஊர் 25 எம்பிக்குள் எப்படி அடங்கும்? அது போக, என் செயலியை பேக்கப்பில் சேர்க்காதே என்று செயலியை உருவாக்குபவரே ஒரே வரியில் எழுதி வைத்துவிடலாம், சில கோப்புறைகளை மட்டும் விலக்கியும் வைக்கலாம். இது எதுவும் பேக்கப் பக்கத்தில் தெரியாது. அங்கே பச்சையாக ஒரு டிக் இருக்கும், தேதி இருக்கும், அவ்வளவுதான். அந்த டிக் "எடுக்க முடிந்ததை எடுத்துவிட்டேன்" என்று சொல்கிறது, நாம் "எல்லாவற்றையும் எடுத்துவிட்டேன்" என்று படித்துக்கொள்கிறோம்.

சரி, நல்ல நாள். அப்பாவின் போன் தண்ணீர்த் தொட்டியில் விழுந்து போனது. திரை வரவே இல்லை, அதில் இருந்து எதையும் எடுக்க வழியில்லை, கிளவுடில் இருப்பது மட்டும்தான் கதி. புதிய போனில் அவர் கணக்கைப் போட்டதும் பழைய போனின் ஸ்கிரீன் லாக்கைக் கேட்டது. ஆண்ட்ராய்டு 9-இல் இருந்து பேக்கப் அந்த லாக்கை வைத்துத்தான் பூட்டப்படுகிறது, அது தெரியாவிட்டால் கூகுளாலும் திறந்து தர முடியாது. "அப்பா, பழைய போன்ல கோடு எந்தப் புள்ளியில ஆரம்பிப்பீங்க?" என்று கேட்டேன். "அது கைக்குத்தான்டா தெரியும், போனைக் குடு" என்று வாங்கி ஒரே இழுப்பில் போட்டார், திறந்துகொண்டது. தொடர்பு எண்கள், எஸ்எம்எஸ், கால் விவரம் எல்லாம் வந்தன. அதைவிட அவருக்குச் சந்தோஷம், அவர் தினமும் ஆடும் சீட்டு விளையாட்டில் இதுவரை எத்தனை ஆட்டம், எத்தனை வெற்றி என்ற கணக்கு அப்படியே வந்ததுதான். அந்த விளையாட்டில் அவர் எந்த லாகினும் செய்ததில்லை. சின்னச் செயலி, 25 எம்பிக்குள் அடங்கியது, உருவாக்கியவரும் தடுத்து வைக்கவில்லை, வந்துவிட்டது.

ஆனால் அந்த பேக்கப் மூன்று வாரம் பழையது. அவர் வீட்டில் வைஃபை கிடையாது, மொபைல் டேட்டாதான். போன் சும்மா கிடக்க வேண்டும், வைஃபை இருக்க வேண்டும், முந்தைய பேக்கப் முடிந்து 24 மணி நேரம் ஆகியிருக்க வேண்டும், அப்போதுதான் தானாக எடுக்கும். மொபைல் டேட்டாவிலும் எடுக்கலாம் என்று நாமாக அனுமதி கொடுத்தால்தான் உண்டு. மாதம் ஒரு முறை அவர் எங்கள் வீட்டுக்கு வரும்போது மட்டும் எடுத்திருக்கிறது. இப்போது அனுமதி கொடுத்து வைத்திருக்கிறேன், அங்கே போகும்போதெல்லாம் "இப்போதே பேக்கப் எடு" பொத்தானையும் ஒரு தடவை அழுத்திவிட்டு வருகிறேன்.

விளையாட்டுகளைப் பொறுத்தவரை எனக்குப் புரிந்தது இதுதான்: "கிளவுட் பேக்கப்" என்று நாம் ஒரே பெயரில் சொல்வது மூன்று வேறு வேறு இடங்கள். போன் தானாக எடுப்பது ஒன்று. கூகுள் பிளே கேம்ஸ் மாதிரி கணக்கில் விளையாட்டே தன் நிலையைச் சேமிப்பது இன்னொன்று. மூன்றாவது, கம்பெனியின் சர்வரிலேயே எல்லாம் இருந்து போனில் வெறும் திரை மட்டும் இருக்கும் வகை. இந்த மூன்றாவது வகைக்கு போன் பேக்கப்பே தேவையில்லை. கிளாஷ் ஆஃப் கிளான்ஸ் விளையாட்டில் என் ஊர், அந்தக் கம்பெனியின் கணக்கான சூப்பர்செல் ஐடியில் இருக்கிறது. மின்னஞ்சலைக் கொடுத்தேன், வந்த குறியீட்டைப் போட்டேன், ஒரு நிமிடத்தில் ஊர் வந்துவிட்டது, சுவர் உட்பட. மூன்று போனிலும் இப்படியே வந்தது, ஒரு முறைகூடத் தவறவில்லை. ஆனால் இதே வகை விளையாட்டைக் கணக்கு எதுவும் போடாமல் கெஸ்ட் என்று நுழைந்து ஆடினால், சர்வரில் உங்கள் ஊர் பத்திரமாக இருந்தும் அது உங்களுடையது என்று நிரூபிக்க எதுவும் இருக்காது. வீட்டுப் பிள்ளைகள் முக்கால்வாசி கெஸ்ட்டாகத்தான் ஆடுகிறார்கள், ஏனென்றால் பெரிய பொத்தானாக அதைத்தான் வைத்திருக்கிறார்கள்.

இரண்டாவது வகையில் ஒரு பொறி உண்டு. மச்சினன் அதில் மாட்டினான். புதிய போனில் விளையாட்டைத் திறந்ததும் கணக்கைக் கேட்காமல் நேராகப் பழக்கப் பாடம் ஆரம்பித்தது, மூன்று லெவல் ஆடவைத்தது, அதற்குப் பிறகுதான் "உங்கள் கணக்கில் ஏற்கனவே ஒரு சேமிப்பு இருக்கிறது, எதை வைத்துக்கொள்ள?" என்று கேட்டது. ஒரு பக்கம் லெவல் 3, மறு பக்கம் லெவல் 214. கேள்வியை முழுதாகப் படிக்காமல் மேலே இருந்ததைத் தொட்டான், லெவல் 3 போய்க் கிளவுடில் உட்கார்ந்துகொண்டது, 214 போயே போய்விட்டது. அந்தக் கம்பெனிக்கு இரண்டு முறை எழுதினான், தானாக வரும் பதில் தவிர வேறு எதுவும் வரவில்லை. காசு கொடுத்து வாங்கியதில் விளம்பரம் நீக்கும் வசதி மட்டும் செயலிக் கடையில் இருக்கும் கணக்கில் இருந்து திரும்பி வந்தது. விளையாட்டுக்குள் செலவழிக்க வாங்கிய காசுகளும் வைரங்களும் சேமிப்போடு சேர்ந்தே போயின. இந்த இரண்டு வகை வாங்கலுக்கும் இருக்கும் வித்தியாசத்தை வாங்கும்போது யாரும் நமக்குச் சொல்வதில்லை, எனக்கு இதில் கோபமே உண்டு.

ரீஸ்டோர் செய்யும்போது கவனிக்க வேண்டியதில் முக்கியமானது, புதிய போனை முதன்முதலில் ஆன் செய்து செட்டப் செய்யும்போது வரும் அந்தப் பட்டியல். எந்தப் போனின் பேக்கப்பில் இருந்து எடுக்க வேண்டும் என்று கேட்கும். நிறையப் பேர் அவசரத்தில் "தவிர்" என்று அழுத்திவிட்டு அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று போய்விடுகிறார்கள். அப்புறம் என்பதற்குப் பெரும்பாலும் மறுபடி ரீசெட் செய்வது என்றே அர்த்தம். பட்டியலில் ஒரு போனைத் தேர்ந்தெடுத்துவிட்டால் இன்னொரு நன்மையும் இருக்கிறது: பிறகு அந்தப் போனில் இருந்த ஒரு செயலியை பிளே ஸ்டோரில் இருந்து நிறுவும் ஒவ்வொரு முறையும், திறப்பதற்கு முன்பே பழைய டேட்டாவைப் போட்டுத் தருகிறது. என் வீட்டுக் கணக்கு எழுதும் செயலி இப்படித்தான் கிடைத்தது. இரவு தரவிறக்கம் பாதியில் நின்று, செயலி காலியாகத் திறந்தது. நீக்கிவிட்டு உடனே மறுபடி நிறுவினேன், நான்கு வருடக் கணக்கும் வந்துவிட்டது. உடனே என்பது முக்கியம். புதிய போன் தன் சொந்த பேக்கப்பை எடுத்துவிட்டால் அதற்குத்தான் முதலிடம், காலியானதையே திருப்பிப் போடும். ஒவ்வொரு செயலிக்கும் கடைசியாக எடுத்தது மட்டும்தான் கிளவுடில் இருக்கும், போன மாதத்தது, அதற்கு முந்தின மாதத்தது என்றெல்லாம் எதுவும் இல்லை.

வாட்ஸ்அப் தனிக் கதை. அதன் பேக்கப்பை அதன் செட்டிங்ஸுக்குள் போய்த்தான் ஆன் செய்ய வேண்டும், அதே எண், அதே கூகுள் கணக்கு இரண்டும் வேண்டும். 2024-இல் இருந்து அது கூகுளின் 15 ஜிபி இலவச இடத்தைத் தின்ன ஆரம்பித்தது, அப்போது என் மெயில் பெட்டியே நிரம்பி நின்றது. வீடியோக்களை பேக்கப்பில் இருந்து விலக்கியபின்தான் மூச்சு விட்டது. பணம் அனுப்பும் யுபிஐ செயலிகள், வங்கிச் செயலிகளில் பொதுவாக பேக்கப்பில் இருந்து எதுவும் திரும்பி வராது, அது அப்படித்தான் இருக்க வேண்டும். புதிய போனில் போட்ட சிம்மில் இருந்து எஸ்எம்எஸ் போய், எண் சரிபார்க்கப்பட்டு, புதிதாகப் பதிய வேண்டும். அதனால் சிம்மை மாற்றும் நாளில் கையில் கொஞ்சம் ரொக்கம் வைத்துக்கொள்ளுங்கள்.

மனைவியின் ஐபோனில் விஷயம் கொஞ்சம் வேறு. 25 எம்பி வரம்பு மாதிரி எதுவும் அங்கே குறுக்கே வந்ததில்லை, அவளுடைய விளையாட்டுகள் விட்ட இடத்தில் இருந்தே தொடங்கின. ஆனால் ஆப்பிளின் கிளவுடான ஐகிளவுட் 2011-இல் வந்தபோது கொடுத்த 5 ஜிபி இலவச இடம்தான் இன்றும், போட்டோக்களுக்கே போதவில்லை. புதிய ஐபோனுக்கு மாறுகிறவர்களுக்கு மட்டும் மூன்று வாரம் வரை தற்காலிகமாக இடம் தருகிறார்கள், ரீசெட் பக்கத்திலேயே அது இருக்கிறது, நாங்கள் அதை வைத்துத்தான் மாற்றினோம்.

இந்த முறை என் நான்காவது போனுக்கு மாறும்போது கிளவுடை மட்டும் நம்பவில்லை. இரண்டு போனும் உயிரோடு இருந்ததால் கேபிள் போட்டு நேராக மாற்றினேன், அதில் 25 எம்பி கட்டுப்பாடு இல்லை என்பதால் கிளவுடில் ஏறாத இரண்டு செயலிகளின் டேட்டாவும் வந்தது. பழைய போனை இன்னும் கொடுக்கவில்லை. அலமாரியில் இருக்கிறது, மாதம் ஒரு முறை சார்ஜ் போட்டு வைஃபையில் விடுகிறேன். 57 நாள் தொடாமல் விட்டால் அதன் பேக்கப்பைக் கூகுள் அழித்துவிடலாம், புதியதில் ஏதாவது விடுபட்டிருப்பது எப்போதுமே மூன்றாவது வாரத்தில்தான் தெரிகிறது.

மகள் இப்போது வேறொரு கட்டும் விளையாட்டுக்கு மாறிவிட்டாள், உலகத்தைக் கோப்பாக வெளியே எடுக்க முடியும் என்று பார்த்துத்தான் நிறுவிக் கொடுத்தேன். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் அவளே கோப்பை எடுத்துத் தேதியைப் பெயராக வைத்து டிரைவில் போடுகிறாள். போன வாரம் அதில் ஒன்றை அலமாரியில் இருக்கும் பழைய போனில் இறக்கித் திறந்து பார்த்தோம். திண்ணை இருந்தது, கிணறும் இருந்தது, குளத்துப் படிக்கட்டில் இந்த முறை விளக்குகூட வைத்திருந்தாள்.