தண்ணீரா, எல்லையற்றதா?

மிலேட்டஸ் இன்றைய துருக்கியின் மேற்குக் கரையில் இருந்த கிரேக்க நகரம். கி.மு. 6ஆம் நூற்றாண்டில் அங்கே வாழ்ந்த தத்துவ அறிஞர் தேலீஸ், எல்லாவற்றுக்கும் மூலம் தண்ணீர் என்றார். அதே ஊர்க்காரர், அவருக்கு இளையவர் அனாக்சிமாண்டர். அவர் சொன்ன மூலம் 'அபெய்ரான்': எல்லையும் இல்லை, இன்ன பொருள் என்ற அடையாளமும் இல்லை.

தேலீஸ் சொல்வது சட்டென்று புரியும். உணவிலும் விதையிலும் ஈரம் இருப்பதைப் பார்த்துத்தான் இந்த முடிவுக்கு வந்திருப்பார் என்று அரிஸ்டாட்டில் ஊகிக்கிறார். (தேலீஸ் எழுதியதாக எதுவும் நம் கைக்கு வரவில்லை.) பூமி மரக்கட்டை போலத் தண்ணீரில் மிதக்கிறதாம். சரி, அந்தத் தண்ணீரை எது தாங்குகிறது?

அனாக்சிமாண்டருக்கு இந்தச் சிக்கலே இல்லை. அவருடைய பூமி எதன் மேலும் நிற்கவில்லை. எல்லாவற்றுக்கும் நடுவில், எல்லாப் பக்கமும் சம தூரத்தில் இருப்பதால், இந்தப் பக்கம் சாயவோ அந்தப் பக்கம் விழவோ அதற்குக் காரணம் கிடையாது. வடிவம் மட்டும் தூண் துண்டு போல. அகலத்தில் மூன்றில் ஒரு பங்கு உயரம். அப்புறம் நெருப்பு. தண்ணீர்தான் மூலம் என்றால் அதற்கு நேர் எதிரான நெருப்பு எங்கிருந்து வந்தது? அபெய்ரானிலிருந்து சூடும் குளிரும் பிரிந்தன என்கிறார் இவர். மரத்தைப் பட்டை மூடுவது போல ஒரு தீக்கோளம் காற்றைச் சூழ்ந்தது. அது உடைந்து சூரியனும் சந்திரனும் நட்சத்திரங்களும் ஆயின.

என் ஓட்டு அனாக்சிமாண்டருக்கே. ஆனால் மூலத்தைக் காட்டு என்று கேட்டால் அவர் கையை விரிக்க வேண்டியதுதான். தேலீஸ் ஒரு குடம் தண்ணீரைக் கொண்டுவந்து வைத்துவிடுவார்.