ஆலோசனைப் பெட்டியா, பணியாளர் குழுவா?

"நாங்கள் சொல்வதை நிர்வாகம் கேட்க என்ன வழி?" என்பவர்கள் பெரும்பாலும் ஆலோசனைப் பெட்டிக்கும், பணியாளர்களே தேர்ந்தெடுக்கும் பிரதிநிதிகளின் குழுவுக்கும் நடுவில்தான் தடுமாறுகிறார்கள்.

செலவு: பெட்டிக்குப் பூட்டும் சாவியும் போதும். குழுவுக்குத் தேர்தல், கூட்டம், வேலை நேரத்தில் ஒரு பங்கு என எல்லாம் வேண்டும்.

அச்சம்: பெட்டியில் பெயரில்லாமல் போடலாம் (மேலாளருக்கு உங்கள் கையெழுத்து தெரியாதவரை). குழுவின் பிரதிநிதி முகம் காட்டித்தான் பேச வேண்டும். ஆனால் வாக்களித்தவர்கள் அவர் பின்னால் நிற்கிறார்கள்.

பதில்: வித்தியாசம் இங்கேதான் பெரிது. பெட்டியைத் திறப்பது நிர்வாகத்தின் விருப்பம். டொயோட்டா 1951இல் தொடங்கிய யோசனைத் திட்டத்தில் பரிசீலனையும் உண்டு, சன்மானமும் உண்டு. ஆனால் பல இடங்களில் பெட்டியில் தூசிதான் சேர்கிறது. ஜெர்மனியிலோ 5 நிரந்தரப் பணியாளர்கள் இருந்தாலே குழுவைத் தேர்ந்தெடுக்கச் சட்டம் இடம் தருகிறது. வேலை நேர அட்டவணை போன்றவற்றில் அந்தக் குழு சம்மதிக்காவிட்டால், முதலாளி தன்னிச்சையாக முடிவெடுக்க முடியாது. விவகாரம் சமரசக் குழுவுக்குப் போகும்.

படிவத்தைச் சுருக்குவது, இயந்திரத்தை நகர்த்துவது போன்ற சின்னத் திருத்தங்களுக்குப் பெட்டி போதும். ஷிப்ட் மாற்றம், ஆட்குறைப்பு என்றால் குழுதான். ஊதிய உயர்வா? இரண்டையும் விட்டுவிட்டுத் தொழிற்சங்கத்தைத் தேடுங்கள்.