வகர வரிசையில் ஐம்பது தாவரப் பெயர்கள்: சேலத்துப் பெயர்த்தேர்வு நிலையம் ஒன்றைப் பற்றி

மாசி மாதத்தில் என் தம்பிக்குப் பெண் குழந்தை பிறந்தது, ரோகிணி நட்சத்திரம். எங்கள் வீட்டு வழக்கப்படி, தொட்டிலிடும் நாளில் குழந்தையின் காதில் பெயரை மூன்று முறை சொல்ல வேண்டியவள் அத்தை. ஆகவே பெயர் தேடும் வேலையும் அதற்கான செலவும் என் பொறுப்பாயின. பூவின் பெயரோ மரத்தின் பெயரோ வைக்க வேண்டும் என்பது தம்பி மனைவியின் விருப்பம். ரோகிணிக்கு உரிய ஓ, வா, வீ, வூ என்னும் எழுத்துகளில் தொடங்க வேண்டும் என்பது அம்மாவின் நிபந்தனை. குறில் நெடில் பாராமல் வ, வி, வு ஆகியவற்றையும் சேர்த்துக்கொள்ளலாம் என்று அம்மா சற்று இறங்கி வந்தார். இரண்டையும் ஒருசேர நிறைவேற்றித் தருவதாகச் சொன்ன, சேலம் நகருக்குள் இயங்கும் ஒரு பெயர்த்தேர்வு நிலையத்தில் 1,200 ரூபாய் கட்டினேன். அதன் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. ஏறக்குறைய இதே முறையில் ஏடு அச்சிட்டுத் தரும் கடைகள் பல இருப்பதால், பணம் கட்டுவதற்கு முன் எதைக் கேட்க வேண்டும் என்பது தெரிந்தால் வாசகருக்குப் போதும்.

நல்லதை முதலில் சொல்லிவிடுகிறேன். பிறந்த நாள், நேரம், பெற்றோர் பெயர்கள், வீட்டில் ஏற்கெனவே உள்ள பெயர்கள் அனைத்தையும் பொறுமையாகக் கேட்டுக் குறித்துக்கொண்டார்கள். மூன்று நாளில் தருவதாகச் சொன்ன ஏட்டை நான்காம் நாள் தந்தார்கள். அது பெரிய குறையன்று. வழவழப்பான தாளில், ஒவ்வொரு பெயருக்கும் ஒரு வண்ணப் படம், பொருள், தாவரவியல் பெயர், எண்கணிதக் கூட்டு எண், ஆங்கில எழுத்துக்கூட்டல் என்று ஐந்து பத்தியாக அச்சிட்டிருந்தது. ஏட்டைப் பார்த்த உறவினர் எல்லாரும் விலை கேட்டார்கள், அவ்வளவு நேர்த்தி.

பூக்களைச் சற்றேனும் அறிந்தவர்கள் அந்த ஏட்டை உட்கார்ந்து படிக்கத் தொடங்கினால்தான் சங்கடம். முதல் பக்கத்தின் முதல் பெயரே ‘வந்தா’. ஏற்காட்டில் இந்தியத் தாவரவியல் ஆய்வகம் நடத்தும் தோட்டத்துக்குப் போனவர்கள் ஆர்க்கிட் செடிகளைப் பார்த்திருப்பார்கள். அந்தக் குடும்பத்தில் வந்தா என்று ஒரு பேரினம் உண்மையிலேயே உண்டு. ஆனால் அதற்கு ‘வணங்கத்தக்கவள்’ என்று பொருள் போட்டிருந்தது. வந்தா என்பது மரத்தின்மேல் தொற்றி வளரும் செடியைக் குறிக்கும் வடசொல். அதைத்தான் தாவரவியலார் பேரினப் பெயராக எடுத்துக்கொண்டார்கள். வணக்கத்துக்கும் அதற்கும் உறவில்லை. பொருள் ஒருபுறம் இருக்க, சேலத்துப் பள்ளிக்கூடத்தில் வருகைப்பதிவு எடுக்கும் ஆசிரியை “வந்தா வந்தாளா?” என்று கேட்கும் காட்சி அந்த ஏட்டைத் தயாரித்தவர்களின் மனக்கண்ணில் ஒரு முறைகூடத் தோன்றவில்லை என்பதே எனக்கு வியப்பு. ‘ஆர்க்கிட்’ என்ற பெயரையே வைத்துவிடலாமா என்று தம்பி கேட்டான். அந்தக் கிரேக்கச் சொல், செடியின் இரட்டைக் கிழங்குகளின் வடிவத்தைப் பார்த்து, ஆண் உடலின் ஓர் உறுப்பின் பெயரால் இடப்பட்டது என்று அவனிடம் மெதுவாகச் சொன்னேன். அதன்பின் அவன் அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

இரண்டாம் பக்கத்தில் ‘வெர்னா’. ‘சேர்வராயன் மலைச் சிறப்புப் பெயர்’ என்று தனிக் குறிப்பு வேறு. இந்த மலையின் பெயரையே தாங்கிய வெர்னோனியா ஷெவராயென்சிஸ் என்ற தாவரம் இருப்பது உண்மை. அதை அறிந்து எழுதியிருப்பதால் இந்த இடத்தில் நிலையத்தாரைச் சற்றுப் பாராட்டத்தான் வேண்டும். ஆனால் மலையின் பெயர் இருப்பது பின்பாதியில். முன்பாதியாகிய வெர்னோனியா, வில்லியம் வெர்னன் என்ற ஆங்கிலேயத் தாவரவியலாரின் நினைவாக இடப்பட்டது. மலையை விட்டுவிட்டு ஆங்கிலேயரைக் குழந்தைக்குச் சூட்டுவதில் என்ன சிறப்பு? போதாக்குறைக்கு, அந்தச் சுருக்கப் பெயரில் ஒரு கார் நம் சாலைகளில் ஓடிக்கொண்டிருக்கிறது. தவிரவும் ‘வெ’ ரோகிணியின் எழுத்தே அன்று. அடுத்த பக்கத்தில் இருந்த ‘வெட்சி’க்கும் இதே எழுத்துத் தடை உண்டு என்றாலும், அதன்மேல் எனக்கு ஆசை இருந்ததை மறைக்க விரும்பவில்லை. ஆனால் வெட்சி சூடிப் போவது பகைவரின் ஆநிரையைக் கவர்வதற்கு. மாடு பிடித்து வரும் திணையின் பெயரைப் பெண்ணுக்கு வைப்பதில் அப்பாவுக்கு உடன்பாடில்லை. அம்மாவுக்கோ அது வெறும் இட்லிப்பூ. அதன் தாவரவியல் பெயரான இக்சோரா, ஈசுவரன் என்ற சொல்லின் திரிபு என்பதை எடுத்துச் சொல்லியும் இட்லி போகவில்லை.

‘வஞ்சி’ அழகான பெயர். கொடி என்றும் பெண் என்றும் பொருள்படும். அதே சொல் ஏவல் வினையாக நின்று ‘ஏமாற்று’ என்றும் பொருள் தரும் என்பதை ஏடு சொல்லவில்லை. இதை ஒரு பெரிய குற்றமாகச் சொல்ல வரவில்லை. வஞ்சி என்று பெயர் வைத்தவர்கள் நன்றாகத்தான் வாழ்கிறார்கள். ஆனால் பணம் வாங்கிக்கொண்டு பெயர் தருபவர், ஒரு சொல்லுக்கு இருக்கும் இரண்டாவது முகத்தையும் காட்டிவிட்டு முடிவை வாங்குபவரிடம் விடுவதுதான் முறை. ‘வில்வினி’, ‘வாழையினி’, ‘வகுளினி’ என்று பதினெட்டுப் பெயர்களை, நல்ல மரத்தின் வாலில் ‘இனி’யை ஒட்டியே உற்பத்தி செய்திருந்தார்கள். அவற்றைக் கழித்தால் ஐம்பது என்பது முப்பத்திரண்டாகச் சுருங்கிவிடுகிறது.

இத்தனை ஒட்டுவேலை செய்தவர்கள் ‘வள்ளி’யை விட்டுவிட்டார்கள் என்பதுதான் என் முதன்மையான புகார். வகரத்தில் தொடங்கும் தாவரப் பெயர், பெண்ணின் பெயர், தமிழர் வாய்க்குப் பழகிய பெயர் என்ற மூன்றும் ஒன்றாய் நிற்கும் சொல் அது. வள்ளிக்கிழங்கு அகழ்ந்த குழியில் கிடைத்த குழந்தை என்பதால் வள்ளி என்று கதையே இருக்கிறது. தாவரப் பெயர் சூட்டுவதற்கு நம்மிடம் உள்ள முன்மாதிரியே அவள்தான். ஏன் இல்லை என்று கேட்டதற்கு, “அது பழைய பெயர்ங்க மேடம், யாரும் விரும்புறதில்லை” என்றார்கள். கபிலர் பாடிய குறிஞ்சிப்பாட்டில் தலைவியும் தோழியும் பறித்துக் குவிக்கும் 99 பூக்களின் வரிசையில் வடவனம், வாகை, வானி, வகுளம், வாழை, வள்ளி ஆகியவை வருகின்றன. நூலகத்தில் அரை மணி நேரம் உட்கார்ந்தால் கட்டணமின்றிக் கிடைக்கும் இந்த ஆறில் மூன்றைத்தான் 1,200 ரூபாய் ஏடு தந்தது: வாகை, வகுளம், வானி. அவற்றுள் வானியை ஆங்கிலத்தில் எழுதியதும் அவள் வாணியாகிவிடுவாள். பள்ளிச் சான்றிதழில் ஒரு முறை மாறினால் பிறகு அவள் வாழ்நாள் முழுவதும் கலைமகள்தான்.

ஏட்டை நம்பி முடிவெடுக்க மனமில்லாமல், ஒரு நாள் அதிகாலையில் வ.உ.சி. பூ மார்க்கெட்டுக்குப் போனேன். குண்டுமல்லி, முல்லை, ஜாதிமல்லி, காக்கட்டான், மலைக்காக்கட்டான், நந்தியாவட்டம், சம்பங்கி என்று பூக்களின் பெயர்கள் அங்கே ஏலக்குரலில் வந்து விழும்போது அவற்றுக்கு வேறோர் உயிர் வந்துவிடுகிறது. பனமரத்துப்பட்டிப் பக்கத்திலிருந்து மூட்டை மூட்டையாக அரளி வந்து இறங்குகிறது. நம் மாவட்டத்துத் தோட்டங்களை நிறைத்து நிற்கும் பூவாயினும், எவரும் மகளுக்கு அரளி என்று பெயர் வைப்பதில்லை. அதன் நஞ்சு அவ்வளவு பேர் பெற்றது. செங்காந்தளுக்கும் நஞ்சு உண்டு. ஆனால் அது தமிழ்நாட்டின் மாநில மலர், இலக்கியத்தில் பெண்ணின் விரலுக்கு உவமை என்பதால் காந்தள் என்று பெயரிடத் தயங்குவதில்லை. பயிரிடுபவர்கள் அதைக் கண்வலிக்கிழங்கு என்று அழைப்பது பெயர் வைப்பவர்கள் காதுக்கு எட்டுவதில்லை போலும். பெயர் விஷயத்தில் நஞ்சைவிட நூல்வழக்குக்கு வலிமை அதிகம் என்று அன்று புரிந்துகொண்டேன். வாகைப்பூ கிடைக்குமா என்று இரண்டு கடைகளில் கேட்டேன், சிரித்தார்கள். பட்டுக் குஞ்சம்போல் மகரந்தத் தாள்களாலேயே ஆன அந்தப் பூவைத் தொடுக்கவும் முடியாது, மாலைவரை வைத்திருக்கவும் முடியாது.

ஏட்டில் வாகைக்குப் போட்டிருந்த படம்தான் அதன் மிகப் பெரிய பிழை. இளஞ்சிவப்புக் குஞ்சம் கொண்ட பூவை அச்சிட்டிருந்தார்கள். அது வாகையன்று, தூங்குமூஞ்சி மரம். இரண்டும் நெருங்கிய உறவு. தூங்குமூஞ்சியையும் நெடுங்காலம் வாகையின் பேரினமான அல்பிசியாவிலேயே தாவரவியலார் வைத்திருந்தார்கள் என்பதால் குழப்பத்துக்கு ஒரு காரணம் இருக்கிறது. ஆனால் தூங்குமூஞ்சி அமெரிக்கக் கண்டத்திலிருந்து நிழலுக்காகக் கொண்டுவரப்பட்ட மரம். சங்கப் பாட்டில் போரில் வென்றவன் சூடிய வாகை வெண்மையும் வெளிர்ப்பச்சையும் கலந்த பூ. வெற்றியின் பெயரைக் கேட்டவருக்குத் தூங்குமூஞ்சியின் படத்தைக் கொடுப்பது என்ன நியாயம்?

பிழையான அந்தப் படமே எங்களை உண்மையான வாகையிடம் கொண்டு சேர்த்தது. அடுத்த ஞாயிற்றுக்கிழமை தம்பியும் நானும் ஏற்காட்டுத் தோட்டத்துக்குப் புறப்பட்டோம். ஏட்டில் உள்ள மற்ற செடிகளையாவது நேரில் பார்த்துவிட வேண்டும் என்பது என் எண்ணம். இருபது கொண்டை ஊசி வளைவுகளும் தொடங்குவதற்கு முன்பே, அடிவாரத்தில் தேநீருக்காக வண்டியை நிறுத்தினோம். தலைக்கு மேலே யாரோ சலங்கையை அசைப்பதுபோல் ஓர் ஒலி. நிமிர்ந்தால், இலையெல்லாம் உதிர்ந்த கிளைகளில் வெளுத்துக் காய்ந்த நெற்றுகள் நூற்றுக்கணக்கில் தொங்கின. காற்று வரும்போதெல்லாம் உள்ளே விதைகள் உருண்டு கலகலத்தன. வாகை மரம். குறுந்தொகையின் ஏழாம் பாட்டில், காற்று மோதும்போது ஒலிக்கும் வாகை நெற்றுக்கு, கயிற்றின்மேல் ஆடும் கூத்தருக்காகக் கொட்டும் பறை உவமையாக வருகிறது. அதைப் படித்தபோது தலையாட்டியவள், அன்றுதான் காதால் கேட்டேன். தம்பி கீழே கிடந்த ஒரு நெற்றை எடுத்துக் குலுக்கிப் பார்த்தான். “இது கிலுகிலுப்பை அல்லவா அக்கா!” என்றான். ஏற்காட்டுக்குப் போய் ஆர்க்கிட்டுகளையும், பூச்சியைப் பிடித்து உண்ணும் குடுவைச் செடியையும் பார்த்தோம். தோட்டம் அமைதியாக, பார்க்கத் தகுந்ததாக இருந்தது. ஆனால் பெயர் அடிவாரத்திலேயே முடிவாகிவிட்டது. பூவை நேரில் பார்க்காமல் பெயர் வைக்கக் கூடாது என்று வீட்டில் பேசி வந்தவள் நான். வாகைப்பூவைப் பார்த்ததென்னவோ சித்திரையில், தொட்டிலிட்டு முடித்த பிறகுதான்.

வீட்டில் ஒரே ஒரு மறுப்பு வந்தது. ஓயாமல் சலசலக்கும் இந்த நெற்றை வைத்து ஆங்கிலேயர்கள் வாகைக்குப் ‘பெண்ணின் நாக்கு’ என்று பெயரிட்டிருக்கிறார்கள் என்று தம்பியின் மாமனார் எங்கோ படித்ததை எடுத்துச் சொன்னார். “வாயுள்ள பிள்ளைதான் பிழைக்கும்” என்று அம்மா அந்த வழக்கை முடித்துவைத்தார்.

சேவையைப் பற்றி இன்னும் இரண்டு செய்திகள். எண்கணிதக் கூட்டு எண் பொருந்துவதற்காக வாகையின் ஆங்கில எழுத்துக்கூட்டலில் இரண்டு ‘எச்’ சேர்த்துக் கொடுத்திருந்தார்கள். நாங்கள் அவற்றை எடுத்துவிட்டோம். 21 நாளுக்குள் பெயரைப் பதியாவிட்டால் சிக்கல் என்று தொலைபேசியில் அவசரப்படுத்தியதும் தவறு. 21 நாள் கெடு பிறப்பைப் பதிவு செய்வதற்கு. குழந்தையின் பெயரைப் பதிவு நாளிலிருந்து 12 மாதங்கள்வரை கட்டணமின்றியும், அதன்பின் தாமதக் கட்டணம் செலுத்தி 15 ஆண்டுகள்வரையும் சேர்க்கலாம். எழுதியபின் மாற்றுவதுதான் கடினம் என்பதால், அவசரப்படுத்தும் குரலுக்குச் செவிசாய்க்காமல் இருப்பதே நல்லது.

ஏட்டின் தாளுக்கும் அச்சுக்கும் தாராளமாக மதிப்பெண் தரலாம். பொருள் பத்திக்கும் படங்களுக்கும் தர இயலாது. நட்சத்திர எழுத்துக்குப் பெயர்ப்பட்டியல் மட்டும் போதும் என்பவர்கள், படமும் தாவரவியல் பெயரும் இல்லாத எளிய தொகுப்பைக் கேட்டால் 400 ரூபாய்க்கே தருகிறார்கள். அதை வாங்கிக்கொண்டு, பிடித்த பெயர்களை அகராதியிலும் தோட்டத்திலும் சரிபார்த்துக்கொள்வது உத்தமம். படப் பிழையைச் சொல்லி நான் எழுதிய செய்திக்கு ஒரு வாரம் கழித்துப் பதில் வந்தது. திருத்திய பக்கத்தை வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தார்கள். இப்போது பூ சரியாக வெளிர்ப்பச்சையில் இருக்கிறது. இரண்டு ‘எச்’சும் அப்படியே இருக்கின்றன.