கார்லுக் கப்பல்: தலைவரா, கேப்டனா?

1913-இல் அலாஸ்காவுக்கு வடக்கே, கனடாவின் ஆர்க்டிக் ஆய்வுப் பயணத்துக்குக் கிளம்பிய கார்லுக் கப்பல் பனியில் சிக்கியது. பயணத் தலைவர் ஸ்டெஃபான்சன், மான் வேட்டைக்கு என்று ஐந்து பேரோடு இறங்கிப் போனார். பனி கப்பலை இழுத்துச் செல்ல, அவர் தன் ஆய்வைப் பார்க்கப் போய்விட்டார். 1918 வரை ஆர்க்டிக்கில்தான் சுற்றினார்.

கேப்டன் பார்ட்லெட் வேறு ரகம். 1914 ஜனவரியில் கப்பல் மூழ்கும்வரை உள்ளேயே இருந்தார். கிராமபோனில் இசைத்தட்டுகளை ஒவ்வொன்றாகப் போட்டுக் கேட்டுவிட்டு அடுப்பில் எறிந்தார். கடைசியாக ஷோப்பானின் சவ ஊர்வல இசை. அப்புறம் ஆட்களை சைபீரியாவுக்கு வடக்கே உள்ள ராங்கல் தீவில் சேர்த்துவிட்டு, இனுப்பியாட் என்ற அலாஸ்காப் பழங்குடியைச் சேர்ந்த வேட்டைக்காரர் கட்டக்டோவிக்குடன் உறைந்த கடல்மேல் சைபீரியாவுக்கு நடந்தார், உதவி தேடி. 11 பேர் இறந்தார்கள், உண்மைதான். அவரையும் சேர்த்து 14 பேர் பிழைத்தது அந்த நடையால்தான்.

விசாரணைக் குழு குறை சொன்னது யாரை? பார்ட்லெட்டை! ஸ்டெஃபான்சனுக்குக் கிடைத்தது பதக்கம்.