ஃபார்ன்ஸ்வர்த்–மன்செல் 100 ஹ்யூ சோதனைப் பெட்டி: வில்லைகள் அருமை, விளக்கு உங்கள் பொறுப்பு

சாயம், பெயின்ட், அச்சு என்று இரண்டு நிறங்களைப் பக்கத்தில் வைத்து "சேருகிறது, சேரவில்லை" என்று ஒருவர் தீர்ப்புச் சொல்லும் தொழில்களில் எல்லாம் ஒரு கேள்வி உண்டு: அந்தத் தீர்ப்பைச் சொல்லும் கண்ணை எவ்வளவு நம்பலாம்? அதற்கு எண்ணாகவே பதில் தருகிற பெட்டி இது. டீன் ஃபார்ன்ஸ்வர்த் 1943-ல் வெளியிட்ட சோதனை. எண்பது வருடம் தாண்டியும் இன்னும் புழக்கத்தில் இருக்கிறது. முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம். வாங்கத் தகுந்த சாதனம். ஆனால் பெட்டிக்குள் வருவது பாதிச் சோதனைதான், மீதிப் பாதி மேசைக்கு மேலே எரியும் விளக்கில் இருக்கிறது. விளக்கைப் பற்றி யோசிக்காமல் பெட்டியை மட்டும் வாங்கியவர்கள் தவறான எண்களைத்தான் கோப்பில் சேர்த்துக்கொண்டிருக்கிறார்கள்.

திறந்தால் நான்கு நீளத் தட்டுகள். ஒவ்வொன்றிலும் கறுப்பு விளிம்புக்குள் வட்டமாக நிறத்தாள் பதித்த சிறு வில்லைகள். முதல் தட்டில் 22, மற்ற மூன்றிலும் 21, ஆக நகர்த்தக்கூடியவை 85. தட்டின் இரண்டு முனைகளிலும் அசையாத வில்லை ஒவ்வொன்று. பெயரில் 100 இருப்பதைப் பார்த்துவிட்டுப் பெட்டியில் குறைகிறதே என்று பதற வேண்டாம். ஆரம்பத்தில் நூறு இருந்தது, பிறகு 85 ஆகக் குறைத்தார்கள், பெயர் மட்டும் அப்படியே நின்றுவிட்டது. சிவப்பில் தொடங்கி ஆரஞ்சு, மஞ்சள் வரை ஒரு தட்டு. மஞ்சளிலிருந்து பச்சை வழியாக நீலப்பச்சை வரை அடுத்தது. நீலப்பச்சையிலிருந்து நீல ஊதா வரை மூன்றாவது. அங்கிருந்து மறுபடி சிவப்புக்குத் திரும்புவது நான்காவது. வண்ணச் சக்கரம் முழுவதும் நான்கு துண்டாக வந்துவிடுகிறது.

இந்த வில்லைகளின் சிறப்பு, சாயல் மட்டுமே, அதாவது சிவப்பா பச்சையா நீலமா என்பது மட்டுமே மாறும்படி செய்திருப்பது. வெளிர்மையும் செறிவும் ஏறக்குறைய ஒரே அளவில் நிற்கின்றன. அதனால் "இது கொஞ்சம் இருட்டு, இது கொஞ்சம் பளிச்" என்ற துப்பை வைத்து யாரும் தப்பிக்க முடியாது. 50 செ.மீ. தூரத்திலிருந்து பார்த்தால் ஒரு வில்லை கண்ணில் சுமார் 1.5 பாகை இடம்தான் பிடிக்கும். விழித்திரையின் நடுக்குழியிலேயே, கூம்புச் செல்கள் நெருக்கமாக இருக்கும் இடத்திலேயே விழட்டும் என்பதற்கான அளவு இது. கறுப்பு விளிம்புக்கும் ஒரு விளைவு உண்டு. இரண்டு நிறங்கள் ஓரத்தோடு ஓரம் ஒட்டி நின்றால்தான் கண் மிகக் கூர்மையாக வேறுபாட்டைப் பிடிக்கும். இங்கே நடுவில் கறுப்புக் கோடு வந்துவிடுவதால் வேலை சற்றுக் கடினமாகிறது. துணியையோ அட்டையையோ ஒட்டி வைத்து நன்றாக ஒப்பிடும் ஒருவர் இதில் சில இடங்களில் சறுக்கினால் அதற்கு இதுவும் ஒரு காரணம்.

நம் கண்ணுக்கு நிறம் என்பது மூன்று வகைக் கூம்புச் செல்கள் தரும் மூன்று எண்களின் ஒப்பீடு. ஒருவகை சுமார் 420 நானோமீட்டர் ஒளிக்கும், இன்னொன்று 530-க்கும், மூன்றாவது 560-க்கும் அதிகம் கிளர்ச்சி அடைகின்றன. பின்னிரண்டுக்கும் நடுவில் 30 நானோமீட்டர்தான் இடைவெளி. சிவப்பு, ஆரஞ்சு, மஞ்சள், பச்சை என்று நாம் பிரித்துச் சொல்வதெல்லாம் அந்தச் சிறிய இடைவெளியிலிருந்து எழுவதுதான். அவ்விரண்டு வகைக்குமான மரபணுக்கள் எக்ஸ் குரோமோசோமில் அடுத்தடுத்து இருப்பதால், அதில் பிசகு வந்தால் பெரும்பாலும் ஆண்களுக்கே சிவப்பு–பச்சைக் குழப்பம் வருகிறது. வட ஐரோப்பிய வம்சாவளி ஆண்களில் ஏறக்குறைய 8 சதவீதம் பேர், பெண்களில் 0.5 சதவீதம். நீலம் உணரும் செல்களோ எண்ணிக்கையில் மிகக் குறைவு, நடுக்குழியின் மையத்தில் அவை கிடையவே கிடையாது.

சோதனை நடத்தும் முறை எளிது. ஒரு நேரத்தில் ஒரு தட்டு. வில்லைகளைக் கலைத்து மேல் பலகையில் பரப்புங்கள். முனையில் நிற்கும் இரண்டு வில்லைகளுக்கும் நடுவே நிறம் சீராக நகரும்படி அடுக்கச் சொல்லுங்கள். தட்டுக்கு இரண்டு நிமிடம் என்பது ஒரு வழிகாட்டல்தான், வேகத்தைவிடச் சரியாக அடுக்குவதே முக்கியம். முடித்தபின் திருத்திக்கொள்ளவும் விடுங்கள். கடிகாரத்தைப் பார்த்து அவசரப்படுத்தினால் கண்ணுக்குப் பதிலாகப் பதற்றத்தை அளந்ததாகிவிடும். பவர் கண்ணாடி போட்டுக்கொள்ளலாம். ஆனால் நிறச்சாயல் ஏறிய லென்ஸும், கணினிக்கென்று விற்கும் நீலம் வடிக்கும் லென்ஸும் கழற்றப்பட வேண்டும். அடுக்கி முடிந்ததும் தட்டை மூடிக் கவிழ்த்துத் திறந்தால் வில்லைகளின் அடியிலுள்ள எண்கள் வரிசையாகத் தெரியும். மூடித் திருப்பும் அந்த நொடியில் வில்லைகள் சரிந்து கலைவது அடிக்கடி நடக்கும் விபத்து, இரண்டு கையாலும் அழுத்திப் பிடித்துத் திருப்புங்கள்.

இனி விளக்கு. வில்லையின் நிறம் வில்லைக்குள் இல்லை, அதன் மேல் விழும் ஒளியில் எதைத் திருப்பி அனுப்புகிறது என்பதில் இருக்கிறது. கையேடு கேட்பது 'இல்யூமினன்ட் சி' என்கிற பகல் ஒளி, நிற வெப்பநிலை சுமார் 6740 கெல்வின், வெளிச்சம் குறைந்தது 270 லக்ஸ். இன்று பெரும்பாலும் டி65 என்கிற பகல் ஒளித் தரத்தை ஒத்த விளக்கைப் பயன்படுத்துகிறார்கள், அது போதும். ஒளி மேலிருந்து நேராக வில்லைமேல் விழ வேண்டும், பார்ப்பவர் சுமார் 60 பாகைக் கோணத்தில் பார்க்க வேண்டும். மஞ்சள் குண்டு பல்பின் கீழ் நடத்தினால் என்ன ஆகும்? அந்த ஒளியில் நீலப் பகுதி மிகக் குறைவு. அதனால் நல்ல கண்ணுள்ளவரும் நீலப்பச்சை வில்லைகளில் தடுமாறுவார், முடிவுத்தாள் அவருக்கு நீலம்–மஞ்சள் குறைபாடு என்று காட்டும். இல்லாத நோயை விளக்கு உண்டாக்கிவிடும். சில மலிவு விளக்குகளில் வேறொரு சிக்கல். பார்வைக்கு வெள்ளையாகத்தான் எரியும், ஆனால் அலைநீளங்களில் சில இடங்களில் கூராக எழுந்து சில இடங்களில் பள்ளமாக இருக்கும். கண் மூன்று எண்களை மட்டுமே எடுத்துக்கொள்வதால் வெள்ளையைப் பார்த்து இந்த வித்தியாசத்தைக் கண்டுபிடிக்கவே முடியாது. வில்லைமேல் பட்டதும் அடுத்தடுத்த இரண்டின் இடைவெளி சுருங்கியோ விரிந்தோ போகும். ஒரு வெளிச்சத்தில் அச்சு அசலாகப் பொருந்திய இரண்டு துணிகள் வெளியே கொண்டுபோனால் பிரிந்து தெரிகின்றனவே, அதே மெட்டாமெரிசம்தான் இதுவும்.

ஜன்னல் ஓர வெயிலும் உதவாது. மேகம் நகர்ந்தால் ஒளி மாறும், முதல் தட்டும் நான்காவது தட்டும் ஒரே சோதனையாக இருக்காது. மேசைமேல் மந்தச் சாம்பல் அல்லது கறுப்பு விரிப்பு போடுங்கள். பலரும் கவனிக்காதது ஒன்று: எதிரே உட்கார்ந்து சோதனை நடத்துபவரின் சட்டை. பளிச்சென்ற சிவப்புச் சட்டை போட்டுக்கொண்டு மேசைமேல் குனிந்தால் அந்தச் சிவப்பும் சேர்ந்துதான் வில்லைகள்மேல் விழுகிறது. ஒரு சாம்பல் ஏப்ரன் மாட்டிக்கொண்டால் தீர்ந்தது.

மதிப்பெண் கணக்கு பயமுறுத்தும், ஆனால் உள்ளே இருப்பது கூட்டல் கழித்தல்தான். ஒரு வில்லையின் எண்ணுக்கும் இடப்பக்க எண்ணுக்கும் உள்ள வித்தியாசம், வலப்பக்க எண்ணுக்கும் உள்ள வித்தியாசம் இரண்டையும் கூட்டி, 2-ஐக் கழிக்க வேண்டும். 10, 11, 12, 13 என்று ஒழுங்காக இருந்தால் ஒவ்வொன்றுக்கும் 1+1–2, அதாவது பூஜ்யம். இது பிழைகளின் கணக்கு என்பதால் எண் குறையக் குறைய நல்லது. 10, 11, 13, 12, 14, 15 என்று நடுவில் ஒரு ஜோடி இடம் மாறினால் 11, 13, 12, 14 ஆகிய நான்குக்கும் தலா 1, மொத்தம் 4. ஒரு வில்லை இரண்டு இடம் தள்ளிப் போனால், அதாவது 10, 12, 13, 11, 14 என்றால், 8. கையேட்டின்படி முதல்முறை எழுதுபவர்களில், நிறக்குறைபாடு உள்ளவர்களைத் தவிர்த்து, சுமார் 16 சதவீதம் பேர் 0 முதல் 16 வரை எடுக்கிறார்கள், சுமார் 68 சதவீதம் பேர் 20 முதல் 100 வரை, மீதி 16 சதவீதம் பேர் 100-க்கு மேல். இந்த மூன்றையும் வயது பார்க்காமல் சுவரில் ஒட்டிவைப்பது அநியாயம். இருபதுகளில்தான் மதிப்பெண் மிக நன்றாக இருக்கும். வயது ஏற ஏறக் கண்ணின் லென்ஸ் மஞ்சளித்து நீல ஒளியை விழுங்கிக்கொள்வதால் பிழை கூடும். அனுபவம் மிகுந்த ஐம்பத்தைந்து வயதுக்காரரை இருபத்தைந்து வயதுக்காரரின் அளவுகோலால் நிராகரிக்காதீர்கள். முதல் முயற்சியை வைத்தும் யாரையும் முடிவு செய்யாதீர்கள். இரண்டாம் முறை மதிப்பெண் கணிசமாக மேம்படுவது சகஜம், அதற்குப் பிறகு பெரிதாக மாறாது.

மொத்த எண்ணைவிடப் பிழைகள் எங்கே குவிகின்றன என்பதுதான் அதிகம் பேசும். வட்ட வரைபடத்தில் ஒவ்வொரு வில்லையின் பிழையையும் குறித்தால், கவனக்குறைவோ பயிற்சிக் குறைவோ உள்ளவரின் பிழைகள் சுற்றிலும் சிதறிக் கிடக்கும். பிறவிக் குறைபாடு கடுமையாக இருந்தால் எதிரெதிரே இரண்டு மேடுகள் எழும். அவற்றில் ஒன்றின் நடு 62 முதல் 70 வரையான வில்லைகளில் விழுந்தால் சிவப்பு உணரும் கூம்பில் கோளாறு, 56 முதல் 61 என்றால் பச்சை, 46 முதல் 52 என்றால் நீலம். கண் மருத்துவர்கள் இரண்டு கண்களையும் தனித்தனியே சோதிக்கிறார்கள். பிறவிக் குறைபாடு இரண்டிலும் ஒன்றுபோல இருக்கும், நோயால் வந்தது ஒரு கண்ணில் கூடுதலாக இருக்கலாம்.

ஒரு பெரிய குறையைச் சொல்லியாக வேண்டும். லேசான சிவப்பு–பச்சைக் குறைபாடு உள்ள சிலர் இதில் நல்ல மதிப்பெண்ணோடு வெளியே வந்துவிடுகிறார்கள். இது நிறங்களைப் பிரித்தறியும் திறனின் அளவுகோல், குறைபாட்டைச் சலித்தெடுக்கும் சல்லடையாக இதைச் செய்யவில்லை. எனவே புள்ளிகளுக்குள் எண் தேடும் இஷிஹாரா தாள்களை முதலில் காட்டிவிட்டு இதற்கு வாருங்கள். இஷிஹாராவோ நீலக் குறைபாட்டைப் பிடிக்காது, ஆக இரண்டும் ஒன்றின் ஓட்டையை மற்றொன்று அடைக்கின்றன. வகையை ஐயமின்றிச் சொல்ல வேண்டுமானால் அனோமலோஸ்கோப்தான் வழி. 670 நானோமீட்டர் சிவப்பையும் 546 பச்சையையும் கலந்து 589 மஞ்சளோடு பொருத்தச் சொல்லும் கருவி அது.

பராமரிப்பில் ஒரே எதிரி விரல். நிறத்தாளின் மேல் கை எண்ணெய் பட்டால் அந்த வில்லை மட்டும் மங்கும், மங்கியது வெளிர்மையில் பிரிந்து நின்று "நான் இங்கேதான்" என்று காட்டிக்கொடுக்கும். கறுப்பு விளிம்பைப் பிடித்து நகர்த்தச் சொல்லுங்கள், பருத்திக் கையுறை இருந்தால் இன்னும் நல்லது. வேலை முடிந்ததும் மூடி வையுங்கள், வெளிச்சத்தில் திறந்தே கிடந்தால் நிறம் வெளுக்கும்.

இதன் நகலாகத் திரையில் இலவசமாகக் கிடைப்பவற்றை வேலைக்கு ஆள் எடுக்கப் பயன்படுத்தாதீர்கள். ஒவ்வொரு திரையின் வெள்ளையும் வேறு. இரவுப் பயன்முறை என்று மஞ்சளேற்றி வைத்திருப்பவர்கள் பலர், அது குண்டு பல்பு செய்யும் அதே கோளாறைச் செய்யும். வண்ணக் குறியீடுள்ள வயரையோ சிக்னலையோ குழப்பாமல் பார்ப்பாரா என்பது மட்டும் தெரிந்தால் போதுமென்றால் இந்தப் பெட்டியே உங்களுக்குத் தேவையில்லை. ஃபார்ன்ஸ்வர்த்தின் டி-15 போதும். ஒரே தட்டு, நகர்த்த 15 வில்லைகள், சில நிமிட வேலை. கடுமையான குறைபாட்டை அது பிரித்துக் காட்டிவிடும். ஷேடு ஒப்பிடுவதையே அன்றாட வேலையாக வைத்திருப்பவர்களுக்குத்தான் இந்த 85 வில்லை. வாங்கினால் மதிப்பெண் தாளில் தேதிக்குப் பக்கத்திலேயே எந்த விளக்கு, எத்தனை மணி நேரம் எரிந்த விளக்கு என்றும் எழுதி வையுங்கள். அடுத்த வருடம் எண் கூடியிருந்தால் முதலில் பார்க்க வேண்டியது அந்த வரியைத்தான்.