மூன்று துருவப் படங்கள்: எதை முதலில் பார்ப்பது?

1912ஐ ஒட்டி வந்த மூன்று மௌனப் படங்களை அடுத்தடுத்துப் பார்த்தால் ஒரு வேடிக்கை புலப்படும். தென்துருவத்தில் முதலில் கால் வைத்தவரிடம்தான் சொல்லிக்கொள்ளும்படியான படம் இல்லை.

பிரெஞ்சு இயக்குநர் ஜார்ஜ் மெலியே தன் படத்துக்காக ('À la conquête du pôle') பாரிஸை விட்டு அதிக தூரம் போகவில்லை. பாரிஸை ஒட்டிய மோந்த்ரேயில் இருந்த தன் ஸ்டுடியோவிலேயே வடதுருவத்தைக் கட்டிவிட்டார். பேராசிரியர் மபூலாக அவரே நடிக்கிறார். விமானப் பேருந்து நட்சத்திரக் கூட்டங்களைத் தாண்டிப் பறக்கிறது. பனிக்குள்ளிருந்து எழும் பூதம், ஆள்கள் உள்ளிருந்து இயக்கிய பிரம்மாண்டமான பொம்மை. அது ஒருவரை விழுங்கி, பீரங்கிக் குண்டு பட்டதும் கக்குகிறது! துருவத்தில் நடப்பட்டிருக்கும் காந்த முள்ளில் மற்றவர்கள் போய் ஒட்டிக்கொள்கிறார்கள். சுமார் அரைமணி நேரக் கொண்டாட்டம். ஆனாலும் படம் ஓடவில்லை. ரசிகர்களின் ருசி மாறிவிட்டிருந்தது. 1913க்குப் பிறகு மெலியே படமே எடுக்கவில்லை.

பிரிட்டிஷ் புகைப்படக்காரர் ஹெர்பர்ட் பாண்டிங், தென்துருவத்தை எட்டக் கிளம்பிய பிரிட்டிஷ் பயணி ஸ்காட்டின் குழுவோடு அண்டார்டிகாவுக்கே போனவர். கப்பல் பனியைப் பிளப்பதைப் படமாக்க, பக்கவாட்டில் பலகை நீட்டி அதன்மேல் தொங்கினார். கேமராவின் உலோகத்தில் நாக்கு பட்டு உறைந்து ஒட்டிக்கொண்ட கதையும் உண்டு. மெலியேயின் காந்த முள் அவ்வளவு பொய்யில்லை போலும். பாண்டிங் எடுத்தவற்றை கோமான் என்ற திரைப்பட நிறுவனம் 1911-12இல் பகுதி பகுதியாக வெளியிட்டது.

ஆனால் இதுவும் முழு நிஜம் அல்ல. ஸ்காட், வில்சன், பவர்ஸ், எட்கர் எவன்ஸ் நால்வரும் கூடாரத்தில் சமைப்பதும் உறைப்படுக்கைக்குள் நுழைவதும், பயணம் கிளம்புவதற்கு முன்பே கேமராவுக்காக நடித்துக் காட்டியவை. பாண்டிங் துருவம் வரை போகவில்லை. படத்தில் தெரியும் இந்த நால்வரும் துருவம் வரை போய், திரும்பி வரவில்லை. பூதத்தைப் பார்த்து வராத நடுக்கம் இந்தச் சாதாரணச் சமையலில் வருகிறது. என் ஓட்டு இதற்கே.

1911 டிசம்பர் 14 அன்று தென்துருவத்தை முதலில் எட்டிய நார்வேக்காரர் ஆமுண்ட்சனின் குழு அங்கே சினிமா கேமரா கொண்டுபோகவில்லை. அவர்கள் படத்தில் மிஞ்சியவை கப்பல் தளம், நாய்கள், பனி. தொழில்முறை ஒளிப்பதிவாளர் கிடையாது, குழுவினரே கேமராவின் கைப்பிடியைச் சுற்றினார்கள். இந்தப் படத்தை யுனெஸ்கோ 2005இல் உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது. வரலாற்றுப் பித்து உள்ளவர்கள் மட்டும் பார்க்கலாம்.

பாண்டிங்கைத் துண்டு துண்டாகத் தேட வேண்டாம். 1924இல் அவரே தொகுத்த 'The Great White Silence' என்ற நீளப்படத்தை பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் 2010இல் வண்ணச் சாயத்தோடு சீரமைத்தது. பென்குவின் பகுதி கொஞ்சம் இழுக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். கூடாரக் காட்சி அதற்குப் பிறகுதான்.