லெஃப்ட் 4 டெட் 2: மோடைக் கழற்றிய பிறகு

2009இல் வந்த, ஜாம்பிகளைச் சுட்டுத் தப்பிக்கும் வீடியோ கேம் இது. செல்லூரில் நானும் திருமங்கலத்தில் என் மாமா மகனும் இன்னும் ராத்திரி பத்து மணிக்கு மேல் சேர்ந்து ஆடுகிறோம். மோட், அதாவது ஆட்டத்தின் உருவங்களையும் சத்தங்களையும் மாற்றும் கூடுதல் கோப்புகள், போட்டுப் போட்டு ஆட்டத்தின் முகமே மாறிப்போனது. சீண்டினால் பாய்ந்து தாக்கும் விட்ச் என்ற ஜாம்பிப் பெண் அழும் சத்தத்தை மாற்றிய ஒரு மோடால், இருட்டில் அவள் மேலேயே போய் இடித்தேன். அந்த அழுகை கேட்டால்தானே, வெளிச்சம் அவளைச் சீண்டாமல் இருக்க டார்ச்சை அணைப்போம்!

சரி என்று, ஆட்டத்துக்குள் மோட்களைக் காட்டும் ஆட்-ஆன்ஸ் பட்டியலில் ஒவ்வொன்றாக டிக்கை எடுத்தேன். எதையும் அழிக்க வேண்டியதில்லை. அப்புறம் ஒருநாள் மறுபடி போட்ட ஏதோ மோட் மக்கர் செய்து ஆட்டம் திறக்கவே இல்லை. ஆட்-ஆன்லிஸ்ட் என்ற டெக்ஸ்ட் கோப்பில் அதன் பெயருக்கு எதிரே இருந்த 1-ஐ 0 ஆக்கினேன், திறந்துவிட்டது. இந்த வசதிக்கே முழு மதிப்பெண் தருவேன். மோட் இல்லாமல் அந்த அழுகையை ஹெட்போனில் கேட்டபோது உடம்பு சிலிர்த்தது.